இருவினையொப்பு: அதன் பொருள் வரலாறு

திருச்சிற்றம்பலம்

அநாதியே ஆணவ மலத்தாற் பிணிப்புண்டு, அப்பிணிப்பு நீங்குதற்பொருட்டு மாயையினின்றும் தநுகரண புவன போகங்களைப் பெற்று, வினைவழியே பிறந்தும் இறந்தும் உழலும் உயிர்கள், ஒரு காலத்து அவ்வுழற்சி ஒழிந்து சிவபெருமான் திருவடியை அடையும் என்பது நம் சைவசித்தாந்தத்தின் துணிபு. அவ்வாறு அடைதற்கு வாயிலாக நூல்கள் எடுத்தோதுவன மூன்று. அவை இருவினையொப்பு, மலபரிபாகம், சத்திநிபாதம் என்பன. இம்மூன்றனுள் மலபரிபாகமும் சத்திநிபாதமும் பலராலும் பலகாலும் விரித்துரைக்கப்பட்டுள்ளன. முன்னிற்பதாகிய இருவினையொப்போவெனின், சொல்லளவிற் பயிற்சி மிக்கதாயினும் பொருளளவில் மயக்கம் மிக்கதாகவே இருந்து வருகின்றது. அதன் பொருளை நம் முன்னோர் எவ்வெவ்வாறு கொண்டனர், அக்கொள்கைகள் எவ்வெத் தடைகட்கு உள்ளாயின, முடிவாக மெய்கண்ட சந்தானத்தார் நிலைநிறுத்திய பொருள் யாது என்பவற்றைக் கால முறையான் ஆராய்ந்து காண்டலே ஈண்டு எடுத்துக்கொண்ட பொருளாம்.

இவ்வாராய்ச்சி வெறுஞ் சொல்லாராய்ச்சி அன்று. இருவினையொப்பின் பொருளைப் பிறழக் கொண்டார், திருவருள் ஒரு கணக்கின் விளைவு என்று சோர்தலும், நல்வினையும் தளையேயன்றோ என்று திருத்தொண்டைக் கைவிடுதலும் கண்கூடு. ஒருவர் வாழ்வின் ஒழுகலாறு ஒரு சொல்லின் பொருளைப் பற்றி நிற்குமாயின் அச்சொல்லை நுணுகி ஆராய்தல் கடப்பாடே ஆம்.

1. வினாவின் நிலை

நல்வினை தீவினை என இரண்டும் வினையே. நல்வினை இன்பத்தையும் தீவினை துன்பத்தையும் பயக்கும். இவை எதிர்மறைத் தன்மையன. ஒன்று உயர்த்துவது, ஒன்று தாழ்த்துவது. ஆயினும் பிறவிக்கு ஏதுவாதலில் இரண்டும் ஒன்றே. பொன்விலங்கும் விலங்கு, இரும்புவிலங்கும் விலங்கு என்று பெரியோர் கூறும் உவமை இதுபற்றியே எழுந்தது. திருவள்ளுவர் கடவுள் வாழ்த்தின் ஐந்தாங் குறளில், இறைவன் புகழை விரும்பினாரிடத்துத் தீவினை சேராது என்று கூறாது இருவினையும் சேரா என்று கூறினமையும், நல்வினையும் பிறத்தற்கு ஏதுவாகலின் அங்ஙனங் கூறினார் என்று பரிமேலழகர் உரைத்தமையும் நினைக்கத்தக்கன.

இனி, ஒப்பு என்பது ஒன்று மற்றொன்றனோடு ஒத்தல். அஃது ஈண்டு எவ்வாற்றான் நிகழும்? மூவகையாற் பொருள்கொள்ள இடமுண்டு. நல்வினையின் தொகையும் தீவினையின் தொகையும் எண்ணால் ஒத்தல் ஒன்று. தொகையான் அன்றி, பயன்தர முற்பட்டு நிற்கும் இரு வினைகள் வலியால் ஒத்து ஒன்றையொன்று தடுத்தல் மற்றொன்று. வினைகள் எங்ஙனம் இருப்பினும், அவற்றை நோக்கும் உயிரின் அறிவின்கண் அவை இரண்டும் ஒருதன்மையவாய்த் தோன்றுதல் பிறிதொன்று. முதலாவதனை எண்ணொப்பு எனவும், இரண்டாவதனை வலியொப்பு எனவும், மூன்றாவதனை நோக்கொப்பு எனவும் இக்கட்டுரையுட் குறியிட்டு வழங்குவாம்.

இவற்றுள் எண்ணொப்பு பொருந்தாமை வெளிப்படை. என்னை? வினை என்பது ஒரு பிறவியின் அளவினது அன்று. பல பிறவிகளில் ஈட்டிய சஞ்சிதமும், இப்பிறவிக்கு முகந்துகொண்ட பிராரத்தமும், இப்பொழுது ஏறுகின்ற ஆகாமியமும் என அது மூவகைப்பட்டுக் கடல்போல் விரிந்து கிடப்பது. ஒருவன் ஒரு நாழிகையிற் செய்யும் செயல்களே அதனைக் கூட்டியும் குறைத்தும் நிற்குமாகலின், துலாக்கோலின் நா நடுநின்று அசையாதிருத்தல் ஒருபோதும் இல்லை. ஒரு நொடி அசையாது நின்றதெனக் கொள்ளினும், அடுத்த நொடியிற் சாயுமாகலின் அதனைக்கொண்டு வீடுபேற்றிற்கு வாயில் கூறுதல் மணல்மேற் கோயில் எடுத்தலோடொக்கும்.

2. கிரணாகமமும் வலியொப்பும்

சிவாகமங்கள் இருபத்தெட்டனுள் ஒன்றாகிய கிரணம், கருடன் வினாவச் சிவபெருமான் விடையிறுத்தருளிய முறையில் அமைந்தது. அதன் முதற் படலத்தில், காலவயத்தால் வினை சமமாகிய விடத்து, தீவிரமான சத்திநிபாதம் நிகழ, குருவினால் தீக்கை பெற்ற ஆன்மா சிவனைப்போல் எல்லாம் அறியும் தன்மையை எய்தும் என்னுங் கருத்து ஓதப்படுகின்றது. வடமொழியிற் கன்மசாமியம் என்று வழங்கும் சொல்லே தமிழில் இருவினையொப்பு என நின்றது. ஆகவே இச்சொல்லின் ஆகமப் பிறப்பிடங்களுள் கிரணம் தலைமை வாய்ந்தது எனலாம்.

அக்கிரணத்திற்கு உரைகண்டாருள் பழையவர் காசுமீரத்துப் பட்ட இராமகண்டர். அவர் பத்தாம் நூற்றாண்டின் பிற்பகுதியினர். மிருகேந்திரத்திற்கு விருத்தியுரை செய்த பட்ட நாராயணகண்டரின் புதல்வர். அவ்வுரையுடன் கிரணத்தின் முதல் ஆறு படலங்கள் பல சுவடிகளை ஒப்புநோக்கித் திருத்தப்பெற்று, 1998-இல் புதுச்சேரியிலிருந்து டொமினிக் குடால் என்பவரின் பதிப்பாக வெளிவந்துள்ளன. காசுமீரத்தில் எழுந்த உரையொன்று தென்னாட்டார் பேணிய சுவடிகளின் துணையால் இன்று நம் கையில் விளங்குதல், வடக்கும் தெற்குமாய் விரிந்திருந்த சைவத்தின் ஒருமைக்குச் சான்றாகும். புதுச்சேரியிற் பாதுகாக்கப்படும் சைவச் சுவடித் தொகுதி 2005-இல் உலக நினைவகப் பட்டியலிற் சேர்க்கப்பட்டமையும் ஈண்டு நினைத்தற்குரியது.

இராமகண்டர் கொண்ட பொருள் வலியொப்பாகும். ஒன்றற்கொன்று மாறாய பயனைத் தரும் இரண்டு வலிய வினைகள் ஒரே காலத்துப் பழுத்துப் பயன்தர முற்படுமாயின், ஒன்றையொன்று தடுத்து இரண்டும் பயன்தராது நிற்கும். அதனை ஓர் எடுத்துக்காட்டான் விளக்குவாம். ஒத்த வலியுடைய இருவர் ஒரு கயிற்றின் இருதலையும் பற்றி ஈர்ப்பாராயின் கயிறு எப்பக்கமும் செல்லாது நடுவே விறைத்து நிற்றலைக் காண்கின்றோம். கயிறு அசையாமை ஈர்ப்பார் இன்மையான் அன்று. ஈர்ப்பார் இருவரும் ஒத்தமையான். அதுபோல ஆன்மாவும் வினையின்றி அன்று, வினைகளின் ஒப்பினாலேயே இன்பமும் துன்பமும் நுகராது தடைப்பட்டு நிற்கும். அந்நிலையில் அதனைத் தானே விடுவித்துக்கொள்ளும் ஆற்றல் வினைக்கும் இல்லை, உயிருக்கும் இல்லை. இறைவன் சத்தி ஒன்றே அம்முடிச்சை அவிழ்க்க வல்லது.

இக்கொள்கையின் நயம் எளிதிற் புறக்கணிக்கத்தக்கது அன்று. வினை தானே தன் பயனைத் தரும், இறைவன் வேண்டா என்பார்க்கு இஃது ஒரு நல்ல விடை. வினை சடம், இரு சடப்பொருள்கள் எதிரெதிர் நின்றவிடத்து முந்தியது எது பிந்தியது எது என்று தேர்ந்து நடத்துதற்கு ஓர் அறிவுடைப்பொருள் வேண்டும் என்பது இதனாற் பெறப்படும்.

3. காசுமீரத்தெழுந்த தடை

வலியொப்புக் கொள்கையை மறுத்தாரும் அந்நாட்டவரே. பத்தாம் நூற்றாண்டின் இறுதியிலும் பதினோராம் நூற்றாண்டின் தொடக்கத்திலும் விளங்கிய அபிநவகுப்தர், தாம் இயற்றிய தந்திராலோகத்தின் பதின்மூன்றாம் ஆகநிகத்தைச் சத்திநிபாத ஆராய்ச்சிக்கே உரியதாக்கி, அதனுட் கன்மசாமியக் கொள்கையையும் மலபரிபாகக் கொள்கையையும் எடுத்துத் தடை நிகழ்த்தியுள்ளார். தந்திராலோகம் முழுதும் 1918 முதல் 1938 வரை பன்னிரண்டு பகுதிகளாகக் காசுமீரத்தில் அச்சேறியது.

அவர் தடையின் சாரம் வருமாறு. இரு வினைகள் ஒன்றையொன்று தடுத்து நிற்குமாயின், உடம்பையும் வாழ்நாளையும் தரும் வினையும் அவற்றுள் அடங்குமா, அடங்காதா? அடங்குமெனின், உடம்பைத் தாங்கும் வினை தடைப்பட்டபொழுதே உடம்பு வீழ்ந்துவிடும். வீழ்ந்தபின் குருவை அடைதலும் தீக்கை பெறுதலும் யார்க்கு? அடங்காது, இன்ப துன்ப நுகர்ச்சியைத் தரும் வினை மட்டுமே தடைப்படும் எனின், உடம்பையும் வாழ்நாளையும் தரும் வினை நிகழும்போதே பதியவல்ல சத்தி, நுகர்ச்சி தரும் வினைக்கு மட்டும் அஞ்சி, அது தடைப்படுங்காறும் காத்திருப்பானேன்? இஃது இருதலைக்கொள்ளி போன்றதொரு வினா. எத்தலையைப் பற்றினும் சுடும்.

இங்ஙனம் மறுத்த அவர் தம் கொள்கையாக நிறுவியது யாதெனின், சத்தி பதிதற்கு இறைவனது தன்வயமுடைமையே காரணம், வேறு காரணம் தேடுதல் வேண்டா என்பது. தீவிரம், மத்திமம், மந்தம் என்னும் மூன்றனையும் மும்மூன்றாகப் பகுத்துச் சத்திநிபாதம் ஒன்பது வகைப்படும் எனவும் அவர் வகுத்தார்.

அவர்க்கு அது பொருந்தும். எவ்வாறெனின், அவர் நெறியிற் சிவனே பலவாய் விளங்கி விளையாடுகின்றமையின், ஒருவர்க்கு அருளி ஒருவர்க்கு அருளாமை என்னும் குற்றம் சாருதற்கு அவனின் வேறாய ஒருவர் இல்லை. சித்தாந்த நெறியிலோ, உயிர்கள் எண்ணிலவாய், அநாதியாய், இறைவனின் வேறாயும் உடனாயும் நிற்பன. அவற்றுள் ஒன்றற்கு இன்று அருளி மற்றொன்றற்கு அருளாமைக்குக் காரணம் கூறாவிடின், விருப்பு வெறுப்பில்லாத முதல்வனுக்கு நடுவின்மை என்னும் இழுக்குச் சாரும். ஆகவே அருள் சடமாகிய வினைக்கணக்கின் வழிப்பட்டது என்றாலும் குற்றம். காரணமின்றி நிகழ்வது என்றாலும் குற்றம். இவ்விரு குற்றமும் அணுகாவாறு இருவினையொப்பின் பொருளைக் காணுதல் சித்தாந்திகட்கு இன்றியமையாததாயிற்று.

4. மிருகேந்திரம் காட்டும் வழி

அவ்வழிக்கு வித்து ஆகமங்களிலேயே கிடக்கின்றது. மிருகேந்திரத்தின் ஞானபாதம், மலம் ஒன்றே எனினும் உயிர்தோறும் வெவ்வேறாய்ப் பற்றி மறைக்கும் பல சத்திகளை உடையது எனவும், அச்சத்திகள் தத்தமக்குரிய காலத்து நீங்குவன எனவும் கூறும். மலம் பொருளாகலின் அறிவு மாத்திரத்தான் நீங்காது. கண்ணிற் படர்ந்த படலம் அது படலம் என்று அறிந்த அளவில் நீங்காது, மருத்துவன் கைச்செயலால் நீங்குமாறு போலத் தீக்கையினால் நீங்கும் என்பது ஆகம உரையாசிரியர்களின் கொள்கை. ஆயினும் மருத்துவனும் படலம் முதிருங்காறும் காத்திருப்பன். அம்முதிர்ச்சியே பரிபாகம்.

இனி, சத்தி பதிந்தமையை நாம் அறிவது எவ்வாறு? அவ்வாகமம் அடையாளங்கள் சிலவற்றை எடுத்தோதுகின்றது. வீடுபேற்றின்கண் வேட்கை, பிறவிநிலையின்கண் வெறுப்பு, சிவனடியாரிடத்து அன்பு, நெறி உணர்த்தும் ஆசிரியனிடத்தும் அவன் கூறும் விதியிடத்தும் நம்பிக்கை என்பன அவை. இவ்வடையாளங்களை உற்று நோக்குமின். இவற்றுள் ஒன்றேனும் வினைகளின் எண்ணையோ வலியையோ பற்றியதன்று. எல்லாம் உயிரின் அறிவும் விழைவும் திரும்பிய திசையைப் பற்றியன. பிறவிநிலையின்கண் வெறுப்பு என்றவிடத்து, துன்பமுடைய பிறவியில் வெறுப்பு என்று வரையறுத்திலாமையும் கருதத்தக்கது. இன்பப் பிறவியும் துன்பப் பிறவியும் ஒருங்கே வெறுக்கப்படுதல் அதனாற் போதரும். ஆகவே நோக்கொப்பு பிற்காலத்தார் புதிதாகப் படைத்துக்கொண்டது என்பார் கூற்றுப் பொருந்தாது. அதன் முளை ஆகமத்திலேயே உளது.

மிருகேந்திர விருத்திக்கு விளக்கமாகத் தீபிகை செய்தவர் அகோரசிவாசாரியார். அவர் சோழநாட்டில் விளங்கியவர்; அவரது கிரியாக்கிரமத்யோதிகை சகம் 1080, அஃதாவது கி.பி. 1158-இல் இயற்றப்பெற்றது. காசுமீரத்து ஆசிரியர்களின் ஆராய்ச்சி தமிழ்நாட்டிற் புகுந்து வேரூன்றிய வாயில்களுள் அவர் நூல்கள் சிறந்தன. அவர்க்குப் பின்னையதாகிய பதின்மூன்றாம் நூற்றாண்டிலேயே மெய்கண்ட தேவர் தோன்றியருளினார்.

5. தமிழ்நெறி

தமிழில் இருவினையொப்பைச் சத்திநிபாதத்தோடு இயைத்துக் கூறும் தலைமை வாய்ந்த இடம் பத்தாந் திருமுறையாகிய திருமந்திரத்தில் உள்ளது. அதன் ஐந்தாந் தந்திரத்தில் மந்தம், மந்ததரம், தீவிரம், தீவிரதரம் என நான்கு வகைச் சத்திநிபாதமும் முறையே கூறப்படுகின்றன. அவற்றுள் இறுதிப் பகுதியில், இருவினையும் நேரொத்தபொழுது இனிய அருட்சத்தியே குருவடிவாக எழுந்தருளிக் குணங்களை நீக்கி ஞானத்தைத் தர, உயிர் தன்செயல் அற்று மும்மலம் தீர்ந்து சிவமாந்தன்மை எய்தும் என்னும் பொருள்பட ஒரு திருமந்திரம் அமைந்துள்ளது. ஒப்பு, அருள், குரு, தன்செயலறுதல், மலநீக்கம் என்னும் படிமுறை முழுதும் ஒரே பாட்டில் அடங்கியிருத்தல் காண்க. கிரணத்தின் முறையும் இதுவே. ஆயின் தன்செயலறுதலை ஓதினமையான், ஒப்பு என்பது உயிரின் உள்நிலையைச் சாரும் என்னுங் குறிப்பும் உடன் தோன்றுகின்றது.

சிவஞானபோதத்தின் எட்டாஞ் சூத்திரம், தவத்தினால் பக்குவம் எய்திய உயிர்க்கு முதல்வனே குருவாய் வந்து உணர்த்துமாற்றைக் கூறுவது. ஐம்பொறிகளாகிய வேடரிடத்து வளர்ந்து தன்னை மறந்திருந்த அரசன் மகனைத் தந்தை வந்து நீ என் மகன் என்று உணர்த்தி அழைத்துச் செல்லும் உவமை அச்சூத்திரத்திற்கு உயிர்நிலை. அருணந்தி சிவாசாரியார் சிவஞானசித்தியாரின் நான்காஞ் சூத்திரத்தில் கேவலம், சகலம், சுத்தம் என்னும் மூன்று நிலைகளையும் விளக்குமிடத்து, சுத்த நிலைக்கு முதற்படியாக இருவினைச் செயல் ஒத்தலை வைத்து, அதன்பின் ஈசன் சத்தி தோய்தல், குருவருள் பெறுதல், மலம் அறுதல், திருவடி எய்துதல் என்பவற்றை முறைப்படுத்தினார். சகம் 1235, அஃதாவது கி.பி. 1313-இல் சங்கற்பநிராகரணம் அருளிய உமாபதி சிவாசாரியார் தம் நூல்களுள் இம்முறையையே பின்பற்றினார். சத்திநிபாதம் நான்கினையும் சரியை, கிரியை, யோகம், ஞானம் என்னும் நான்கு பாதங்களோடு பொருத்திக் காணும் மரபும் இச்சந்தானத்தில் வேரூன்றியது.

வேடர்சேரியில் வளர்ந்த அரசன் மகன் உவமையை ஈண்டுச் சிறிது விரித்துக் காண்பாம். அச்சேரியில் அவனுக்கு ஒருநாள் நல்லூண் கிடைத்தது. ஒருநாள் தீயூண் கிடைத்தது. நல்லூண் கிடைத்தபோது களித்தான். தீயூண் கிடைத்தபோது வெகுண்டான். தான் அரசன் மகன் என்னும் உணர்வு முகிழ்க்கத் தொடங்கியபொழுது, அவ்விரண்டு ஊணும் அளவால் ஒத்தனவோ? அன்று. சுவையால் ஒத்தனவோ? அன்று. நல்லூண் நல்லூணே, தீயூண் தீயூணே. ஆயினும் சேரியின் ஊண் என்னும் அவ்வொன்றினால் இரண்டும் அவனுக்கு ஒருதன்மையவாயின. ஒப்பு ஊணின்கண் நிகழ்ந்திலது. உண்பான் அறிவின்கண் நிகழ்ந்தது. இருவினையொப்பும் இத்தகையதே என்க.

6. சிவஞான முனிவர் துணிவு

இப்பொருளைத் தடைவிடைகளான் நிறுவி ஐயமறுத்தவர் மாதவச் சிவஞான யோகிகள். பொருநையாற்றங்கரையில் விக்கிரமசிங்கபுரத்தில் முக்களாலிங்கர் என்னும் பிள்ளைத் திருநாமத்தோடு தோன்றி, திருவாவடுதுறை ஆதீனத்துத் துறவு பூண்டு, 1785-இல் சிவபரிபூரணம் எய்திய அப்பெருந்தகையார், சிவஞானபோதத்திற்குச் செய்த மாபாடியத்தில் இருவினையொப்பின் இலக்கணத்தை வரையறுத்தருளினார்.

அவர் கருத்தாவது: நல்வினை தீவினை இரண்டின்கண்ணும், அவற்றின் பயன்களாகிய இன்ப துன்பங்களின்கண்ணும், ஒன்றில் விருப்பும் ஒன்றில் வெறுப்பும் இன்றி, ஒருசேர உவர்ப்பு நிகழ்ந்து விடுவோனது அறிவின்கண் அவ்விரண்டும் ஒப்பத் தோன்றுதலே இருவினையொப்பு என்பது.

இவ்வரையறையால் மேற்கூறிய தடைகள் எல்லாம் ஒருங்கே ஒழிகின்றன. எங்ஙனமெனின், எண்ணொப்பு ஆகாமையின் நிலையாமைக் குற்றம் இல்லை. வினைகள் ஒன்றையொன்று தடுத்தல் கூறாமையின், உடம்பு வீழ்தல் என்னும் அபிநவகுப்தர் தடை இதன்மேற் செல்லாது. பிராரத்தம் தன்வழியே நிகழ, உடம்பும் தன் எல்லைவரை நிற்க, அவ்வுடம்பினுள் இருக்கும் உயிரின் நோக்கே மாறுகின்றது. அருள், சடமாகிய வினையின் கணக்குக்கு அடிமைப்பட்டது என்னும் இழுக்கும் இல்லை; காரணமின்றி நிகழ்வது என்னும் இழுக்கும் இல்லை. உயிரின் பக்குவம் நோக்கி முதல்வன் அருளுகின்றான். அப்பக்குவத்தையும் அவன் சத்தியே திரோதானமாய் நின்று விளைவிக்கின்றது. ஞாயிறு எல்லாத் தாமரையின்மேலும் ஒப்பக் கதிர் வீசினும், முதிர்ந்த மொட்டே அலர்தல் ஞாயிற்றின் நடுவின்மை ஆகாது; மொட்டை முதிர்வித்ததும் அந்த ஞாயிறே என்பதனையும் உடன் உணர்தல் வேண்டும்.

உவர்ப்பு என்னுஞ் சொல்லின் நுட்பமும் கருதற்பாலது. துன்பம் வந்துழி உலகை வெறுத்தல் எல்லார்க்கும் உண்டு. பொருள் இழந்தான் செல்வத்தைப் பழித்தலும், நோயுற்றான் உடம்பைப் பழித்தலும் உவர்ப்பு அல்ல; அவை கிடையாமையால் வந்த சினம். இழந்த பொருள் மீண்டால் அப்பழிப்பும் அன்றே ஒழியும். இன்பம் நிரம்பக் கிடைத்துழியும் இதுவும் எனக்குரியது அன்று என்று உள்ளம் அகலுதலே உவர்ப்பு. கனவில் முடிசூடினான் ஒருவனும் கனவில் அடியுண்டான் ஒருவனும் விழித்தபின், முன்னவன் முடியை நினைந்து களியாமையும் பின்னவன் அடியை நினைந்து வருந்தாமையும் ஒன்றே அன்றோ? விழிப்பு வந்தமையே அவ்வொப்பிற்குக் காரணம்.

7. ஓர் ஐயமும் அதன் நீக்கமும்

இனி ஒருசாரார் கூறுவர்: நல்வினையும் தளையாயின், திருக்கோயிலுக்கு விளக்கிடுதலும், அலகிடுதலும், பூத்தொடுத்தலும், அடியார்க்கு அமுதளித்தலும் தளையேயாம், இருவினையொப்பு எய்தினார்க்கு அவை வேண்டா, எய்த விரும்புவார்க்கும் அவை தடையே என்று. இக்கூற்று அறிவுடையார் போல் பேசுவார் பலரிடத்து நிலவுதலின், இதனை வாளா விடுதல் தகாது.

நம் நூல்கள் புண்ணியத்தைப் பசுபுண்ணியம் எனவும் சிவபுண்ணியம் எனவும் இரண்டாகப் பகுத்தன. யான் செய்கின்றேன், இதன் பயன் எனக்கு வருக என்னும் முனைப்போடு செய்வது பசுபுண்ணியம். அது பொன்விலங்கு, துறக்க இன்பத்தைக் காட்டி மீண்டும் பிறவியில் வீழ்த்துவது. சிவனை நோக்கிச் செய்யும் சரியை கிரியை யோகங்கள் சிவபுண்ணியம். அவை விலங்கல்ல, விலங்கைத் தறிக்கும் அரமாம். இருவினையொப்பிற் கூறிய நல்வினை பசுபுண்ணியமே. எட்டாஞ் சூத்திரத்தில் தவம் என்று சுட்டியதும் சிவபுண்ணியமாகிய சரியை முதலியனவே. அத்தவ மிகுதியினாலேயே ஒப்பு விளைகின்றது. விளைவிப்பதனையே விளைவுக்குத் தடை என்பது, ஏணியை மாடத்திற்குத் தடை என்று வெட்டி வீழ்த்திவிட்டுக் கீழே நிற்பான் செயலை ஒக்கும்.

ஒப்பு எய்தினார்க்குத் தொண்டு வேண்டா என்பதற்கு விடை, திருத்தொண்டர் புராணத்திலேயே உளது. திருக்கூட்டச் சிறப்பிற் சேக்கிழார் பெருமான், உடைந்த ஓட்டையும் செம்பொன்னையும் ஒருதன்மையாக நோக்குவார் அடியார் என்று ஓதி, அன்பினால் வணங்குதலையன்றி வீட்டையும் அவர் வேண்டார் என்றும் உடன் ஓதினார். ஒப்ப நோக்குதலும் வணங்குதலும் ஒருங்கே நிற்கின்றமை காண்க.

இதனை வாழ்ந்து காட்டியவர் திருநாவுக்கரசு சுவாமிகள். நீற்றறையில் இடப்பட்டும், நஞ்சூட்டப்பட்டும், யானைக்காலில் இடறப்பட்டும், கல்லொடு பிணித்துக் கடலில் எறியப்பட்டும் அவர் உள்ளம் அசைந்திலது. பின்னர் அதே பல்லவ மன்னன் வந்து பணிந்து சைவநெறி சார்ந்தபோதும் அவர் உள்ளம் செருக்குற்றிலது. இகழ்ச்சியும் வணக்கமும் ஒரே கையினின்று வர, இரண்டும் அவர்க்கு ஒத்தன. திருப்புகலூரில் அவர் திருமுற்றத்தை உழவாரத்தாற் செதுக்கிப் பணிசெய்யுங்கால், அவரது நிலையை உலகிற்குக் காட்டத் திருவுளங்கொண்ட இறைவன், உழவாரம் நுழைந்த இடமெல்லாம் பொன்னும் நவமணியும் பொலிந்திலங்குமாறு அருளினான். சுவாமிகள் அவற்றைப் பருக்கைக் கற்களோடு ஒப்ப எண்ணி, உழவாரத்தில் ஏந்தி அருகிருந்த வாவியில் எறிந்தார். வானர மகளிர் வந்து ஆடியும் பாடியும் மயக்க முயன்றபோதும் தம் பணியினின்றும் திரிந்திலர்.

இந்நிகழ்ச்சியில் நாம் பெரும்பாலும் வியப்பது பொன்னை எறிந்தமையை. அதனினும் வியக்கத்தக்கது வேறொன்று உண்டு. பொன் எறியப்பட்டது உழவாரத்தினால். பொன்னும் கல்லும் ஒத்த அப்பெருமானுக்கு உழவாரமும் அவற்றோடு ஒத்துப்போயிருப்பின், அதனையும் அக்குளத்திலேயே எறிந்திருத்தல் வேண்டும். எறிந்திலர். கைத்தொண்டு இறுதிகாறும் அவர் கையில் நின்றது. அப்புகலூரிலேயே சித்திரைச் சதயத்தில் அவர் திருவடி நிழல் எய்தினார். ஆகவே இருவினையொப்பு என்பது எல்லாவற்றையும் ஒன்றாகக் குழப்பி ஒன்றிலும் முயலாதிருக்கும் மடிமை அன்று. பெறுதலும் இழத்தலும் ஒத்து, திருத்தொண்டு ஒன்றே ஒவ்வாது உயர்ந்து நிற்பது அது. உழவாரம் ஏந்திய அத்திருக்கையே இருவினையொப்பிற்குச் சிறந்த உரை என்று துணியலாம்.

8. முடிவுரை

இதுகாறும் ஆராய்ந்தவற்றால், கிரணாகமத்தில் வினையின் சமத்துவமாக ஓதப்பெற்ற இப்பொருள், காசுமீரத்து உரையில் இரு வினைகளின் வலியொப்பாக விளக்கப்பெற்றது எனவும், அது கடுந்தடைக்கு உள்ளாயிற்று எனவும், மிருகேந்திரம் ஓதிய அடையாளங்களிற் கிடந்த வித்து, திருமந்திரத்திலும் மெய்கண்ட நூல்களிலும் முளைத்துச் சிவஞான முனிவர் உரையில் நோக்கொப்பாகக் கனிந்தது எனவும் அறிந்தாம். எண்ணூறு ஆண்டிற்கு மேற்பட்ட இவ்வாராய்ச்சி நெறியில், வினையின் புறத்தே தேடப்பட்ட ஒப்பு உயிரின் அகத்தே காணப்பட்டது. வடமொழி ஆகமமும் தமிழ்ச் சாத்திரமும் ஒன்றற்கொன்று மாறல்ல என்பதும், ஒன்று தொடங்கியதை ஒன்று நிரப்பியது என்பதும் இதனாற் போதரும்.

அன்பர்காள்! நம் வினைகள் எத்தனை, எவை மிக்கன என்று எண்ணி முடித்தல் நம்மனோர்க்கு இயலாது. அதனை எண்ணுக என்று நூல்களும் விதித்தில. இன்பம் வந்துழி இறுமாவாமையும், துன்பம் வந்துழித் துவளாமையும், இரண்டினும் திருவைந்தெழுத்தை மறவாமையும் இயலும். அன்றாடம் ஒரு திருக்கோயில் முற்றத்தில் ஒரு புல்லையேனும் அகற்றுதலும் இயலும். இயல்வன இவற்றைச் செய்து நிற்பின், ஒப்பை விளைவித்தலும், மலத்தைப் பழுப்பித்தலும், காலம் நோக்கிக் குருவாய் எழுந்தருளுதலும் அவன் செயல்.

மெய்கண்ட சந்தானம் வாழ்க.

திருச்சிற்றம்பலம்